11.5 அங்குல பேஸ்பால் குளோவ்: இரண்டு சீசன் அடித்துத் துவைத்த பிறகு எழுதுவது

முதலில் விலை. பட்டியல் விலை 110 டாலர், மார்ச் மாதத் தள்ளுபடியில் 84-க்குக் கிடைத்தது, வரி தனி. கம்பெனி பெயரைச் சொல்லப்போவதில்லை. கொஞ்சம் மனத்தாங்கல் இருக்கிறது, பெயரைப் போட்டு வம்பை விலைக்கு வாங்க விருப்பமில்லை. இதே விலையில் இதே தரத்தில் நாலைந்து கம்பெனிகள் போடுகின்றன, கடையில் பக்கத்துப் பக்கத்தில்தான் தொங்கும். எதை எடுத்தாலும் நான் சொல்லப்போவதில் முக்கால்வாசி பொருந்தும்.

பேஸ்பாலில் பந்து பிடிக்கக் கையில் மாட்டும் தோல் கையுறைதான் குளோவ். இது இன்ஃபீல்டருக்கானது, அதாவது ஓடுபவர் தொட வேண்டிய பேஸ்களை ஒட்டி நிற்பவருக்கு. 11.5 அங்குலம், பழுப்பு நிறம், எருதுத் தோல், கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் ஆங்கில 'I' எழுத்து மாதிரி பின்னிய வெப். 2024 மார்ச்சில் வாங்கியது. போடுபவன் என் மகன், அப்போது அவனுக்கு 10 வயது. நாங்கள் இருப்பது பிட்ஸ்பர்க் பக்கம்.

நான் பேஸ்பாலோடு வளர்ந்தவள் இல்லை. பாளையங்கோட்டையில் அண்ணன்மார் ஆடிய கிரிக்கெட்டில் சாக்கடையில் விழுந்த பந்தை எடுத்துக் கொடுத்ததோடு சரி. அதனால் 'பந்து பிடிக்க எதற்கு 84 டாலர், நாங்கள் வெறுங்கையில் பிடிக்கவில்லையா' என்ற கேள்வியோடுதான் கடைக்குள் போனேன்.

கடையில் நின்ற பையன் கேட்ட முதல் கேள்வி, "எந்த பொசிஷன்?"

"இன்ஃபீல்ட்" என்றான் என் மகன்.

"இன்ஃபீல்டில் எது?"

"எல்லாமே."

கடைக்காரப் பையன் சிரிக்கவில்லை. உள்ளே போய் மூன்று குளோவ் எடுத்து வந்தான். செகண்ட் பேஸுக்கு 11.25 அங்குலம். அங்கே பந்தைப் பிடித்த வேகத்தில் எறிந்தாக வேண்டும். குளோவ் சின்னதாக இருந்தால்தான் உள்ளே பந்து எங்கே என்று மற்றக் கை துழாவ வேண்டியிருக்காது. செகண்டுக்கும் தேர்டுக்கும் நடுவில் நிற்கும் ஷார்ட்ஸ்டாப்புக்கு 11.5. தேர்ட் பேஸுக்குப் பந்து சுடச்சுட வரும், கையை நீட்டினால் நீட்டியதுதான், அதனால் 11.75. சிலர் 12 கூடப் போடுவார்களாம். ஆள்காட்டி விரல் நுனியிலிருந்து உள்பக்கமாகப் பந்து விழும் குழி வழியே இறங்கி அடிப்பாகம் வரை டேப் வைத்து அளப்பதுதான் இந்த அங்குலக் கணக்கு. கால் அங்குலத்தில் என்ன இருக்கிறது என்று கேட்டேன். 11.25-ஐயும் 11.75-ஐயும் மாற்றி மாற்றி என் கையில் போட்டு ஒரு பந்தைக் கொடுத்து எடுக்கச் சொன்னான். சின்னதில் விரல் நேராகப் பந்துக்குப் போயிற்று. பெரியதில் சாக்குப் பைக்குள் தேங்காய் தேடுகிற மாதிரி இருந்தது. அதற்கப்புறம் நான் வாயைத் திறக்கவில்லை.

"எல்லா இடத்துக்கும் ஒன்றே போதும் என்றால் 11.5 எடுங்கள்" என்றான். எடுத்தோம்.

'எல்லாமே' என்று அவன் சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. பிள்ளைகள் ஆடும் லிட்டில் லீகில் ஒவ்வொரு பிள்ளையையும் ஒரு ஆட்டத்தில் குறைந்தது ஆறு அவுட் விழும் நேரமாவது களத்தில் நிறுத்த வேண்டும், ஒரு முறையாவது மட்டை பிடிக்கவிட வேண்டும் என்று விதி. அதனால் கோச்சுக்கு ஒவ்வொரு இன்னிங்ஸிலும் ஆட்களை இடம் மாற்றிக்கொண்டே இருக்கிற தலைவலி. யாரை எங்கே மாற்றினாலும் கடைசியில் ஒரு ஓட்டை விழும், அந்த ஓட்டையை அடைக்க என் பையன். குழம்புக்கும் ரசத்துக்கும் ஒரே கரண்டி. எனக்கு முதலில் இது வருத்தமாகத்தான் இருந்தது. பிள்ளைக்கென்று ஒரு இடம் வேண்டாமா?

அவனுக்கு வருத்தமே கிடையாது. காரணம் ட்ரூ மேகி என்ற ஆட்டக்காரர். ஆமாம், எழுத்துக்கு எழுத்து அந்த நூடுல்ஸ் பெயர்தான். என் அம்மா இன்றைக்கும் சிரிப்பாள்.

2023 ஏப்ரல் 26, புதன்கிழமை. எங்கள் ஊர் அணியான பைரட்ஸும் லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸும் பிட்ஸ்பர்க்கில் ஆடிய ஆட்டம் டிவியில் ஓடிக்கொண்டிருந்தது, நான் அடுப்படியில் தோசை ஊற்றிக்கொண்டிருந்தேன். எட்டாவது இன்னிங்ஸில் கூட்டம் போட்ட சத்தத்தில் கரண்டியோடு எட்டிப் பார்த்தேன். ஆண்ட்ரூ மெக்கச்சனுக்குப் பதிலாக யாரோ ஒருவர் மட்டையோடு வருகிறார், மொத்த மைதானமும் எழுந்து நிற்கிறது. மெக்கச்சன் இந்த ஊருக்குச் செல்லப் பிள்ளை. அவரை உட்கார வைத்துவிட்டு வருகிறவருக்கு இந்த வரவேற்பு என்றால் எவ்வளவு பெரிய ஆளாக இருக்க வேண்டும்? அலெக்ஸ் வெஸியா என்ற இடக்கைக்காரர் பந்து போட்டார். வந்தவர் ஸ்ட்ரைக் அவுட்.

"அவுட் ஆனவருக்கா இவ்வளவு கைத்தட்டல்?" என்றேன்.

என் பையன் ஒன்பது வயதில் எனக்குப் பாடம் எடுத்தான். வந்தவர்தான் ட்ரூ மேகி. 2010-ல் இதே பைரட்ஸ் அவரை அரிசோனா ஸ்டேட் பல்கலைக்கழகத்திலிருந்து, புது ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டின் 15-ஆவது சுற்றில் எடுத்தது. அதன் பிறகு, பெரிய ஆட்டமான மேஜர் லீகுக்குக் கீழ்ப்படியாக இருக்கும் மைனர் லீகிலேயே காலம் போயிற்று. ஏஞ்சல்ஸ், டாட்ஜர்ஸ், கிளீவ்லாந்து, மினசோட்டா ட்வின்ஸ், ஃபில்லீஸ் என்று கிளப் கிளப்பாக மாறி, சுற்றிக்கொண்டு மறுபடி பைரட்ஸ். செகண்ட், தேர்ட், ஷார்ட், தேவைப்பட்டால் தூரத்து அவுட்ஃபீல்ட், எங்கே ஆள் இல்லையோ அங்கே அவர். இப்படி 1,155 மைனர் லீக் ஆட்டம். 2021 செப்டம்பரில் ட்வின்ஸ் மேலே கூப்பிட்டது, சீருடையோடு பெஞ்சில் உட்கார்ந்தார், ஒரு பந்துகூட ஆடாமல் கீழே அனுப்பிவிட்டார்கள். 2023-ல் பைரட்ஸின் பிரையன் ரெனால்ட்ஸ் வீட்டில் துக்கம் என்று விடுப்பில் போக, அந்தக் காலி இடத்துக்கு ஆல்டூனாவில் இருக்கும் தங்கள் மைனர் லீக் அணியிலிருந்து இவரைக் கூப்பிட்டார்கள். வயது 33, மே மாதம் வந்தால் 34.

மூன்று நாள் கழித்து வாஷிங்டனில் முதல் ஹிட் அடித்தார், அதாவது பந்தை அடித்துவிட்டு அவுட் ஆகாமல் பேஸைத் தொட்டார். அந்த வருகையில் ஆடியது மூன்று ஆட்டம், ஆறு முறை மட்டை பிடித்து இரண்டு ஹிட். அப்புறம் மறுபடி மைனர் லீக்.

நான் மருத்துவமனை பில்லிங்கில் வேலை செய்கிறவள், என் புத்தி வேறு பக்கம் போயிற்று. அந்த வருடம்தான் மைனர் லீக் ஆட்டக்காரர்களுக்கு முதன்முதலாக ஒரு தொழிற்சங்க ஒப்பந்தம் வந்தது. ஆல்டூனா இருக்கும் டபுள்-ஏ மட்டத்தில் குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளம் 13,800 டாலராக இருந்தது, 30,250 ஆயிற்று. மேலே மேஜர் லீகில் அந்த வருடம் குறைந்தபட்சம் 7,20,000. மேலே ஒரே ஒரு நாள் இருந்தால் ஆயுளுக்கும் மருத்துவக் காப்பீட்டில் சேரலாம். 43 நாள் இருந்தால் பென்ஷன். ஒரு நாளுக்கு எவ்வளவு எடை என்று தினமும் காப்பீட்டுத் தகுதி பார்க்கிற எனக்குச் சொல்லித் தர வேண்டாம். அந்தக் கைத்தட்டலுக்கு அர்த்தம் எனக்கு அந்த வழியாகத்தான் புரிந்தது.

சரி, குளோவுக்கு வருகிறேன்.

புதிதில் அது காய்ந்த பனைமட்டை. என் பையன் கையில் போட்டு மூட முயன்றால் மூடாது, பந்து பட்டால் 'டொக்' என்று வெளியே தெறிக்கும். பெட்டிக்குள் இருந்த காகிதத்தில் தோலை மிருதுவாக்கும் லனோலின் கலந்த கண்டிஷனரை நிலக்கடலை அளவு எடுத்து மெல்லிசாகத் தடவு, நிறைய பந்து பிடி, அவசரப்படாதே என்று போட்டிருந்தது. நான் அவசரப்படவில்லை. அந்த வாரம் ஊரிலிருந்து வந்திறங்கிய என் அம்மாவுக்குத்தான் பொறுக்கவில்லை.

"இது என்ன தோலுட்டி?" என்றாள் குளோவை மடியில் வைத்துத் தடவியபடி.

"மாட்டுத் தோல்தாம்மா."

சட்டென்று கையை எடுத்தாள். கொஞ்ச நேரம் பேச்சில்லை. அப்புறம், "மிருதங்கம் மட்டும் வாழ நாரிலயா கட்டுதாவ" என்று தனக்குத் தானே தீர்ப்பு சொல்லிக்கொண்டு மறுபடி தடவ ஆரம்பித்தாள். பேரனைக் கூப்பிட்டு, "ஏல, ஒங்க தாத்தா புதுச் செருப்பு வாங்குனா ராத்திரி முழுக்க வெளக்கெண்ணெயில ஊறப் போடுவாவ. மறுநா காலு வச்சா வெண்ணெ மாதிரி இருக்கும்" என்றாள்.

நான் வேலைக்குப் போய்விட்டு வருவதற்குள் காரியம் முடிந்திருந்தது. இந்தியக் கடையில் வாங்கி வைத்திருந்த விளக்கெண்ணெய் பாட்டிலில் பாதியைக் காணோம். குளோவ் கருப்பட்டி நிறத்துக்கு மாறியிருந்தது. சமையலறைத் தராசில் வைத்தேன். புதிதில் 580 கிராம் இருந்தது, இப்போது 655. ஆச்சியும் பேரனும் குற்றவாளிகள் மாதிரி நிற்காமல், 'எவ்வளவு மெத்துன்னு ஆயிட்டு பாரு' என்று பெருமையாக நின்றதுதான் எரிச்சல்.

இதை இவ்வளவு விரிவாகச் சொல்வது, வாங்குகிறவர்கள் யாரும் இதைச் செய்யக்கூடாது என்பதற்காக. தோல் நிச்சயம் மெத்தென்று ஆகும், ஆனால் எண்ணெய் உள்ளேயே நின்றுவிடும், குளோவ் கனத்துவிடும், குழியின் வடிவம் நிற்காமல் தொய்யும். காகிதத் துண்டு திணித்து, எடுத்து, மறுபடி திணித்து, வெயில் படாத காற்றோட்டத்தில் இரண்டு வாரம் வைத்த பிறகு 610 வரை இறங்கியது. அதோடு நின்றுவிட்டது. அப்புறம் சப்பாத்திக் கட்டையின் முனையால் குழியில் தட்டி, பந்தை உள்ளே வைத்து ரப்பர் பேண்ட் போட்டு, மெத்தைக்கு அடியில் வைத்து, தினமும் கார் ஷெட் முன்னால் 50 பந்து. ஆட்டத்துக்குத் தயாராக மொத்தம் ஐந்து வாரம். விளக்கெண்ணெய் இல்லையென்றால் மூன்று வாரத்தில் முடிந்திருக்கும்.

களத்தில் எப்படி? இங்கேதான் இந்த குளோவ் காசுக்கு வேலை செய்கிறது.

இன்ஃபீல்ட் குளோவில் குழி ஆழமாக இருக்கக்கூடாது என்பதை நான் மெதுவாகத்தான் புரிந்துகொண்டேன். பந்தைப் பத்திரமாகப் பிடிப்பது பாதி வேலைதான். செகண்ட் பேஸில் நிற்கும்போது ஷார்ட்ஸ்டாப் பந்தைத் தள்ளுவான், பேஸை மிதித்து, அடுத்த நொடி ஃபர்ஸ்ட் பேஸுக்கு எறிய வேண்டும். அந்த நேரத்தில் குளோவ் கிட்டத்தட்ட ஒரு தட்டு, பந்து அதில் வந்து பட்டு வலது கைக்குத் தாவுகிறது, அவ்வளவுதான். முதல் சீசன் மே மாதத்தில் ஒரு சனிக்கிழமை இதை நான் பக்கத்திலிருந்து பார்த்தேன். வலைக்கு இந்தப் பக்கம் மடக்கு நாற்காலியில் நான். பந்து வருகிறது, அவன் இடது கை அசைந்த மாதிரியே தெரியவில்லை, பந்து வலது கையில் இருக்கிறது. எறிந்தது உயரே போய் யாரோ ஒருவர் காரில் விழுந்தது என்பது வேறு விஷயம். அதற்கு குளோவைக் குறை சொல்ல முடியாது.

தேர்ட் பேஸில் இதே குளோவ் கொஞ்சம் தடுமாறும். உள்ளங்கைத் திண்டு மெல்லிசு, வேகமாக வருகிற பந்தை நடுக் கையில் வாங்கினால் சுரீரென்று வலிக்கிறது என்கிறான், கை சிவந்தும் இருக்கும். பக்கவாட்டில் பாய்ந்து புறங்கையாகப் பிடிக்கும்போது கால் அங்குலம் குறைவது தெரிகிறது, பந்து விரல் நுனியில் பட்டு ஓடிவிடுகிறது. இரண்டு விரலைச் சுண்டுவிரல் அறைக்குள் சேர்த்துவிட்டு, ஆள்காட்டி விரலை வெளியே விட்டுப் போடச் சொல்லி கோச் காட்டினார். பெரிய ஆட்டக்காரர்களே பலர் அப்படித்தான் போடுகிறார்களாம். குளோவ் மூடுவது உடனே இலகுவாயிற்று, வலியும் பாதி குறைந்தது. வாங்கினால் முதல் நாளிலிருந்தே இப்படிப் பழக்கிவிடுங்கள்.

ஐ-வெப்பில் இடைவெளி இருப்பதால் மண் தங்குவதில்லை, உயரே போன பந்தை அதன் வழியே பார்த்தும் பிடிக்கிறான். எனக்குப் பிடித்த அம்சம் அது.

இனி மனத்தாங்கல். ஜூன் மாதம், அதாவது ஆட ஆரம்பித்து ஏழாவது வாரத்தில், வெப்பைப் பிடித்திருந்த தோல் லேஸ் ஆட்டத்தின் நடுவில் அறுந்தது. ஒரு வருட வாரண்டி உண்டு. எழுதினேன், படம் கேட்டார்கள், அனுப்பினேன். 'அங்கீகரிக்கப்படாத எண்ணெய் உபயோகித்திருக்கிறீர்கள், வாரண்டி செல்லாது' என்று பதில். எண்ணெய் பட்டது உள்ளங்கையில், அறுந்தது வெப் லேஸ் என்று திரும்ப எழுதினேன். லேஸ் தேய்மானப் பொருள், அதற்கு வாரண்டியே கிடையாது என்றார்கள். அதை முதல் கடிதத்திலேயே சொல்லியிருக்கலாமே? காப்பீட்டுக் கம்பெனிகளோடு பகலெல்லாம் மல்லுக்கட்டுகிறவளிடம் இந்த வித்தையைக் காட்டியிருக்க வேண்டாம். இரண்டு நட்சத்திரம் இங்கேதான் போயிற்று.

நகரத்துக்கு வெளியே ஒரு பெரியவர் வீட்டு கராஜில் குளோவ் பழுது பார்க்கிறார் என்று இன்னொரு அம்மா சொன்னார். 35 டாலர். நீளமான ஊசியில் லேஸைக் கோத்து, ஒவ்வொரு துளையாக இழுத்து முடிந்தபடியே பையனிடம் பேச்சுக் கொடுத்தார். எல்லா இடத்திலும் ஆடுகிறேன் என்று இவன் சொன்னதும் அவருக்கு உற்சாகம் வந்துவிட்டது. டாட் ஸீல் என்ற பழைய ஆட்டக்காரர் கதையை எடுத்தார். 1989-ல் கேட்சராக, அதாவது நம் விக்கெட் கீப்பர் மாதிரி, வந்து, தேர்ட் பேஸுக்கு மாறி, ஃபர்ஸ்ட் பேஸும் ஆடி, 11 அணிகளுக்கு ஆடியவர், 11-க்கும் ஹோம் ரன், அதாவது நம் சிக்ஸர் மாதிரி, அடித்தவர். 2004-ல் மெட்ஸ் அணியில் கடைசி ஆட்டத்தன்று கேட்சராகவே நின்று, கடைசியாக மட்டை பிடித்தபோது ஒரு ஹோம் ரன். இந்த மாதிரி ஆட்களை இங்கே ஜர்னிமேன் என்பார்கள். ஊர் ஊராகக் கரண்டியும் மட்டப்பலகையுமாகப் போய் வேலை பார்க்கும் கொத்தனார் என்று வைத்துக்கொள்ளுங்கள். பேச்சு முடிவதற்குள் லேஸ் முடிந்துவிட்டது. ஒன்றரை வருடம் ஆகிறது, அந்த லேஸ் அசையவில்லை. கம்பெனிக்காரன் போட்ட மற்ற லேஸ்களில் இன்னும் இரண்டு போய்விட்டன.

ஒரே சிக்கல், அவரிடம் அன்றைக்கு இருந்தது நீல லேஸ் மட்டும். கருப்பட்டி நிற குளோவில் பளிச்சென்று நீலம். வீடு வரும் வரை காரில் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான்.

அதைச் சரி செய்தது ஆல்டூனா. மேகி ஆடிய இடத்தைப் பார்க்க வேண்டும் என்று அந்த ஜூலையில் பிடிவாதம் பிடித்தான், இங்கிருந்து கிழக்கே இரண்டு மணி நேரம். மலையில் ரயில் பாதை குதிரை லாடம் மாதிரி வளைகிற இடம் பக்கத்தில் இருக்கிறது, அதனால்தான் அணிக்கே 'கர்வ்' என்று பெயர். வலது மூலைச் சுவருக்கு அப்பால் ரோலர் கோஸ்டர் நிற்கும் மைதானம். பிட்ஸ்பர்க்கில் கொடுக்கிற காசுக்கு இங்கே ஆட்டக்காரர்கள் உட்காரும் டக்அவுட்டுக்குப் பக்கத்திலேயே இடம் கிடைத்தது. அம்மாவுக்கு ஆட்டத்தைவிட ரோலர் கோஸ்டர்தான் பிடித்தது.

ஆட்டம் தொடங்கும் முன் இன்ஃபீல்டர் ஒருவர் தண்ணீர் குடிக்க வந்து, குளோவைக் கம்பி மேல் கவிழ்த்து வைத்தார். எங்களுக்கு ஐந்தடி தூரம். உள்ளங்கைப் பக்கம் வேர்வையில் கறுத்து, ஓரம் தேய்ந்து, மணிக்கட்டுப் பட்டை எப்போதோ பிரிந்து மறுபடி தைத்தது தெரிந்தது. லேஸில் மூன்று நிறம்: கறுப்பு, மஞ்சள் கலந்த பழுப்பு, விரல் நுனியில் ஒரு சிவப்பு. என் பையன் எண்ணினான், என் தொடையைத் தட்டினான், ஒன்றும் சொல்லவில்லை. திரும்பி வரும்போது அவனுடைய குளோவை மடியிலேயே வைத்திருந்தான். அடுத்து அறுந்த லேஸுக்கு அவனே சிவப்பு கேட்டான்.

ஐந்துக்கு மூன்று கொடுக்கிறேன். தோலும் வடிவமும் நாலுக்கு மேல் போகும், லேஸும் வாரண்டிப் பேச்சும் கீழே இழுத்துவிட்டன. பிள்ளை எங்கே நிற்பான் என்று கோச்சுக்கே சனிக்கிழமை காலைதான் தெரியும் என்றால் இந்த அளவை யோசிக்காமல் எடுக்கலாம். தேர்ட் பேஸ்தான் என்று நிச்சயமானால் கால் அங்குலம் கூட்டுங்கள். 30 டாலர் குளோவ்களைத் தொட வேண்டாம், அதில் தோல் என்பது பெயருக்குத்தான். கண்டிஷனர் ஒரு டப்பா கூடவே வாங்கிவிடுங்கள், வீட்டில் எந்த எண்ணெய் இருந்தாலும் ஒளித்து வையுங்கள்.

போன சனிக்கிழமை ஃபர்ஸ்ட் பேஸ் பையனுக்குக் காய்ச்சல், கோச் இவனை அங்கே நிறுத்தினார். நடுப்பாதியில் வலைக்கு வந்து, "அம்மா, இதுக்கு மிட்டுன்னு வேற குளோவ் வேணுமாம், விரலே பிரியாததாம்" என்றான். பக்கத்துப் பெண்ணிடம் இரவல் வாங்கி ஆட்டத்தை முடித்தான். விலை பார்த்துக்கொண்டிருக்கிறேன், 120-க்குக் கீழே நல்லது எதுவும் கண்ணில் படவில்லை.